காளான் கொட்டகையில் ஒரு ‘தும்’

ஐம்பது வயதை நெருங்கும்போது சிலருக்கு முழங்கால் வலி வரும். சிலருக்குத் திடீர் பக்தி வரும். எனக்கு எலெக்ட்ரானிக் இசை வந்தது. சொல்லிக்கொள்ளக் கூச்சமாகத்தான் இருக்கிறது. ஸ்வரம் ஏழு என்பதைத் தவிர இசையைப் பற்றி எனக்கு வேறு தகவல் கிடையாது. ஆனாலும் ஒரு லேப்டாப்பும், மாட்டிக்கொண்டால் இரண்டு கொட்டாங்கச்சிகளுக்கு நடுவே தலை சிக்கியது போலிருக்கும் ஒரு ஹெட்போனும் வாங்கினேன். இணையத்தில் இலவசமாகக் கிடைத்த டிரம் சத்தங்கள் அத்தனையையும் ஒரே பாட்டில் போட்டேன். மொய் எழுதிவிட்டுப் பந்தியில் உட்கார்ந்தவரைப் போல, ஒன்றைக்கூட விட மனம் வரவில்லை. முடித்ததும் மனைவியைக் கூப்பிட்டுப் போட்டுக் காட்டினேன்.

“நல்லாத்தான் இருக்கு. ஆனா கீழ யாரோ கதவத் தட்டுற மாதிரியே இருந்துச்சு. ரெண்டு தடவ போய்ப் பாத்துட்டு வந்தேன்” என்றாள்.

உலகம் என்னைப் புரிந்துகொள்ளவில்லை என்று முடிவு செய்தேன். அப்படிப் புரிந்துகொள்ளப்படாதவர்களின் வாழ்க்கை வரலாறுகளை நிறையப் படித்து வைத்திருப்பதில் உள்ள கஷ்டம் இது.

இந்த மடத்தனத்தால் எனக்குக் கிடைத்த ஒரே லாபம், ஒரு அம்மாளின் பழக்கம். அவர் பெயரை எழுதப்போவதில்லை. அவர் செய்த ஒரு காரியம் எங்கள் ஊரில் இரண்டு கட்சிக்கும் இன்னும் தெரியாது. ஊர் பெயரும் வேண்டாம். பெருமாள்மலைக்குக் கீழே, பஸ் நிற்கும், ஆனால் எந்தப் பஸ்ஸின் பலகையிலும் பெயர் எழுதியிராத ஊர் என்று வைத்துக்கொள்ளுங்கள். என் கட்டுரைகளை அங்கே யாரும் படிப்பதில்லை என்பது கூடுதல் பாதுகாப்பு.

எங்கள் ஊரின் இரண்டு வல்லரசுகள் ஜீப் ஸ்டாண்டும் காய்கறி மார்க்கெட்டும். மாரியம்மன் திருவிழாவில் இரு தரப்பும் தனித்தனியே பாட்டுச் செட்டு வைத்து ஊர்வலம் வருவார்கள். நான் கம்ப்யூட்டரில் ஏதோ செய்கிறேன் என்று கேள்விப்பட்டு, ஜீப் ஸ்டாண்டுச் செயலாளர் ஒருநாள் வீட்டுக்கு வந்தார்.

“சார், நீங்க கம்ப்யூட்டர்ல மேளம் அடிப்பீங்களாமே?”

ஆமாம் என்றேன். அந்த வாக்கியத்தில் இருந்த ‘ஆமே’வைப் பொருட்படுத்தவில்லை.

“அம்மன் பாட்டு ஒண்ணு எழுதிட்டேன். நம்ம ஆளு ஒருத்தரு பாடியும் குடுத்துட்டாரு. நீங்க அடி மட்டும் வைங்க. அடின்னா எப்பிடி, வயித்துல எறங்கணும். மார்க்கெட்டுக்காரனுக செட்டு ஒண்ணு இருக்குங்கிறதே தெரியக்கூடாது.”

என்னிடம்தான் கைவசம் இத்தனை அடி கிடக்கிறதே. வைத்தேன். கேட்டுவிட்டு அவர் ஜீப் சாவியைக் கையில் எடுத்தார். பிறகு, “பாட்டையும் அடியையும் அளவாச் சேத்து மிக்சிங்கு பண்ணணும் சார். எங்கக்கா பண்ணும். வாங்க, விட்டுட்டு வாறேன்” என்றார்.

காப்பித் தோட்டத்துக்கு நடுவே போகும் மண்பாதையில் ஜீப் இறங்கி, ஒரு ஓட்டு வீட்டுக்கு மேலே நின்றது. அவர் இறங்கவில்லை, இஞ்சினையும் அணைக்கவில்லை, ஹாரனை அடித்தார். வீட்டிலிருந்து ஒல்லியாக ஒரு அம்மாள் வந்தார். ஆண்பிள்ளை ஸ்வெட்டர், குரங்குக் குல்லாய், கழுத்தில் கயிறு கட்டித் தொங்கும் கண்ணாடி.

“இஞ்சின அமத்து. அப்பறம் பேசு.”

“அமத்துனா எறங்கணும். எறங்கமாட்டேன்க்கா, தெரியும்ல.”

“அப்ப நீ பேசுறது எனக்குக் கேக்கல.”

டீசல் சத்தத்துக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமுமாக இருவரும் கொஞ்ச நேரம் பார்த்துக்கொண்டிருந்தார்கள். பிறகு தம்பிக்காரர் என்னைக் கையால் சுட்டிக் காட்டிவிட்டு, வண்டியைப் பின்னால் எடுத்துக்கொண்டு போய்விட்டார். இறக்கி வைத்த மூட்டை போல நான் நின்றேன்.

அந்த அம்மாள் வேலை செய்த இடம், வீட்டுக்குக் கீழே, முன்பு யாரோ காளான் வளர்த்த கொட்டகை. சுவரெல்லாம் தெர்மோகோல், அதற்கு மேல் வைக்கோல் திணித்த சாக்கு. வெளியே உலகம் அழிந்தாலும் உள்ளே கேட்காது. ஈரத்துக்குப் பயந்து ஸ்பீக்கர்களுக்குப் பின்னால் எந்நேரமும் ஒரு குண்டு பல்பு எரியும். அப்படியும் ஒருமுறை இடது ஸ்பீக்கருக்கு அடியில் காளான் முளைத்தது. “வலதுல மொளைக்கல பாருங்க, இடதுல என்னமோ அதிகமா இருக்கு” என்று அந்தப் பக்கத்தைச் சற்றுக் குறைத்தார். அவர் கேலி பேசினாரா என்று எனக்கு இன்றுவரை தெரியாது.

கோயம்புத்தூரில் எலெக்ட்ரானிக்ஸ் டிப்ளமா படித்து, அங்கேயே ஒரு ஸ்டுடியோவில் பக்திப் பாட்டு கேசட்டுகளுக்கு டிரம் மெஷினில் தாளம் போட்டவர். கல்யாணம் கட்டி மலைக்கு வந்த பிறகும், கீழே சமவெளியில் யார் யாரோ செய்யும் பாட்டுகள் இணையம் வழியாக இந்தக் கொட்டகைக்கு வந்து, குளித்துத் தலைவாரிக்கொண்டு திரும்பிப் போகும். தன் வேலையைப் பற்றி அவருக்கு அடக்கமெல்லாம் கிடையாது. “இந்த மலையில நான் ஒருத்திதான் சார். கீழயும் நெறையப் பேரு இல்ல” என்பார்.

என் பாட்டை, பக்கத்து வீட்டில் நோயாளி தூங்குவதுபோல மெல்லிய சத்தத்தில் வைத்துக் கேட்டார்.

“கொஞ்சம் சத்தமா வச்சா நல்லாருக்கும்” என்றேன்.

“சத்தமா வச்சா எல்லாமே நல்லாருக்கும் சார்.” பாதியிலேயே நிறுத்தினார். “ஒங்க வீட்டுல சாப்பிடும்போது எத்தன பேரு ஒரே நேரத்துல பேசுவீங்க?”

“ரெண்டே பேருதான் இருக்கோம். அவங்க பேசுவாங்க.”

“அது நல்ல மிக்ஸு” என்றார்.

அன்றைக்கு ஆரம்பித்த பாடம் இது. எலெக்ட்ரானிக் டிரம்மில் தோலும் இல்லை, கட்டையும் இல்லை. ஒரு மின் அலை உயரத்திலிருந்து சட்டென்று வழுக்கி விழுகிறது. அந்த ‘தும்’தான் கிக். அருவி இரைச்சல் மாதிரி ஓர் இரைச்சலைத் துண்டு போட்டால் ‘டப்’. அதையே பொடியாக நறுக்கினால் ‘ட்சிக்’. என் பாட்டில் இந்த மூன்று சாதியிலும் ஏகப்பட்ட பேர் கும்பலாக நின்றார்கள். அவர் ஒவ்வொருவராகக் கேட்டு, ஒவ்வொருவராக வெளியே அனுப்பினார். பழனியில் பிள்ளைக்கு மொட்டை போடும்போது பக்கத்தில் நிற்கும் தகப்பனைப் போல நான் நின்றுகொண்டிருந்தேன்.

“இந்தக் கிக்கும், அடியில முழங்குற இந்த பேஸும் ஒரே நாற்காலியில உக்காந்திருக்கு. ஒருத்தர் மடியில ஒருத்தர். பாக்க நல்லாவா இருக்கு? எடம் விடணும் சார். கிக் விழுறப்ப பேஸ் குனியணும். அடி தலைக்கு மேல போனதும் நிமிந்துக்கணும். அது குனிஞ்சதே கேக்கிறவனுக்குத் தெரியக்கூடாது. தெரிஞ்சா மிக்ஸ் தப்பு.”

“பேஸுக்கு ரோஷம் வராதா?”

“வராது. அதனாலதான் மனுசங்களோட சோலியே வேணாம்னு இந்தச் சோலிக்கு வந்தேன்.”

வந்தாரே தவிர, மனிதர்களை அவர் விட்டுவைக்கவில்லை. ‘எடம்’ என்பது கொட்டகைக்குள் மட்டும் இருந்த சட்டம் அல்ல. குக்கர் விசிலடிக்கும்போது மிக்ஸி போடமாட்டார். இரண்டும் ஒரே இடத்தில் கத்துகின்றன என்பார். வத்தலக்குண்டு பஸ்ஸில் ஏறினால், நின்றபடியே ஒரு பார்வை பார்ப்பார். “நீங்க சன்னலுக்குப் போங்க, ஒங்களுக்கு வளைவுல தல சுத்தும், மூஞ்சிலயே தெரியுது. அந்தக் கூடைய அங்கிட்டுத் தள்ளுப்பா. தம்பி, ஒன் காலு ஒனக்கு மட்டுந்தான், பாதைக்கு இல்ல.” முணுமுணுத்துக்கொண்டே எல்லோரும் நகர்வார்கள். அதுவரை பிதுங்கிக்கொண்டிருந்த பஸ்ஸில் எங்கிருந்தோ நாலு பேர் நிற்க இடம் பிறக்கும். “அக்கா ஏறுனாத்தான் நான் டிக்கெட்டே போட முடியுது” என்பார் கண்டக்டர்.

பின்னாளில் அய்யம்பாளையத்தில் அவர்கள் உறவில் ஒரு கல்யாணம். எனக்கும் பத்திரிகை வைத்திருந்தார். குடும்பப் படம் எடுக்கும்போது ஒரே தள்ளுமுள்ளு. இவர் புகுந்து, உயரமானவர்களைப் பின்னால் அனுப்பி, கோபித்துக்கொண்டு ஓரமாக நின்ற ஒரு சித்தப்பாவை நடுவில் கொண்டுவந்து, அவரோடு பேசாதவரை எதிர்ப்பக்கம் வைத்தார். படம் பிரமாதமாக வந்தது. பிற்பாடு அதை எனக்குக் காட்டியபோது தேடிப் பார்த்தேன். எல்லோரும் இருந்தார்கள், அவர் இல்லை.

“நீங்க இதுல எங்க இருக்கீங்கக்கா?”

“நானா? எல்லாரும் தெரியுறாங்கல்ல” என்றார், நான் ஏதோ சம்பந்தமில்லாததைக் கேட்டதுபோல.

இந்தக் குணம் எங்கிருந்து வந்தது என்று அவராகவே ஒருமுறை சொன்னார். அவருடைய அப்பா அம்மா இலங்கைத் தேயிலைத் தோட்டத்திலிருந்து வந்து, இங்கே காப்பித் தோட்டத்தில் வேலைக்குச் சேர்ந்தவர்கள். குடியிருந்தது வரிசையாக ஒட்டிக் கட்டிய ஒற்றை அறை வீடுகளில். நடுச்சுவர் கூரை வரைக்கும் எழும்பாது. ஒரு வீட்டில் இருமினால் கடைசி வீட்டில் கேட்கும்.

“ஒரு வீட்டுல புருசன் பொஞ்சாதி சண்ட போட்டா, மத்த வீட்டுல எல்லாம் கம்முனு ஆயிருவாங்க. ஒட்டுக் கேக்கவும்தான், இல்லங்கல. ஆனா அவங்க சண்டைக்கு எடம் விடுறதும்தான். அது முடிஞ்சப்பறம் அடுத்த வீட்டுல ஆரம்பிப்பாங்க.”

ஆனால் இத்தனை பேருக்கு இடம் பிரித்துக் கொடுத்தவருக்குச் சொந்த வீட்டில் அது நடக்கவில்லை. அதை நான் தெரிந்துகொண்டது ஒரு நண்பகலில். கொட்டகையில் உட்கார்ந்து என் ‘தும்’மைக் கேட்டு ரசித்துக்கொண்டிருந்தேன். கதவை மறைத்துக்கொண்டு ஒருவர் வந்து நின்றார். மூட்டை தூக்கும் கொக்கியை இடுப்பில் செருகியிருந்த நல்ல ஆகிருதி. மார்க்கெட் சுமைக்காரர்களின் தலைவர் என்று எனக்குத் தெரியும். இந்த அம்மாளின் கணவர் என்று அதுவரை தெரியாது. அவர் கையில் ஒரு பென்டிரைவ்.

“இந்தா, நம்ம மார்க்கெட்டுப் பாட்டு. அடி நல்லா ஏத்தி வையி. ஒந்தம்பி கோஷ்டி காதப் பொத்திக்கிட்டு ஓடணும்.” அப்புறம்தான் என்னைப் பார்த்தார். “யாரு இவரு?”

“காளான் வாங்க வந்திருக்காரு.”

“காளான் போட்டு வருசக்கணக்காச்சே.”

“அதத்தான் சொல்லிக்கிட்டிருக்கேன். நம்பமாட்டேங்குறாரு.”

கணவர் என்னைப் பரிதாபமாகப் பார்த்துவிட்டுச் சாப்பிடப் போனார். எதிர்க்கட்சிப் பாட்டும் இதே கொட்டகைக்குத்தான் வருகிறது என்பது அவருக்கும் தெரியாது, தம்பிக்கும் தெரியாது. அதற்குப் பிறகு மார்க்கெட் பக்கம் போகும்போதெல்லாம், “சார், காளான் கெடச்சுச்சா?” என்று அக்கறையாக விசாரிப்பார். வெட்கத்துக்கு அஞ்சி இரண்டு முறை கொடைக்கானலிலிருந்து வாங்கிவந்து அவருக்குக் காட்டினேன்.

அன்று கணவர் போனதும், அம்மாள் என் பாட்டையும் மார்க்கெட் பாட்டையும் சேர்த்து ஓடவிட்டார். இரண்டு லாரிகள் ஒரே கொண்டை ஊசி வளைவில் எதிரெதிரே நுழைந்தால் எப்படியிருக்குமோ அப்படி இருந்தது.

“போன வருசம் இதுதான் நடந்துச்சு” என்று நிறுத்தினார்.

எங்கள் ஊரில் அம்மன் சப்பரம் முச்சந்தியில், டீக்கடைக்கு முன்னால் நிற்கும். மேலேயிருந்து ஜீப் ஸ்டாண்டு ஊர்வலமும் கீழேயிருந்து மார்க்கெட் ஊர்வலமும் அங்கே எதிரெதிரே வந்து சேரும். பூசாரி கற்பூரம் காட்டி மணியடித்து முடிக்கும்வரை இரண்டு செட்டும் வாயைத் திறக்கக்கூடாது. மணி நின்றதும் திறக்கலாம். போன வருடம் மணி நின்றது; இரண்டும் ஒன்றை ஒன்று விழுங்கப் பார்த்தன; சத்தம் ஏற ஏற, தம்பிக்காரர் மார்க்கெட் வண்டி மேல் ஏறி ஒயரைப் பிடுங்கினார். கணவர் பிடித்துத் தள்ளினார். தம்பிக்குப் புருவத்துக்கு மேல் தையல். அதிலிருந்து அவர் அக்கா வீட்டு வாசலில் கால் வைப்பதில்லை. சாலையில் நின்று, இஞ்சினை அணைக்காமல் ஹாரன் அடிப்பார். இந்த வருடம் அனுமதி கேட்கப் போனபோது இன்ஸ்பெக்டர் ஒரே வரியில் சொல்லிவிட்டார்: இன்னொரு தடவை கலாட்டா என்றால் இனி எந்தக் காலத்திலும் செட்டு கிடையாது.

“செட்டு போனாப் போகுது சார். இந்தத் தடவையும் அடிச்சிக்கிட்டானுகன்னா, சாவு வீட்டுலகூட ரெண்டு பேரும் ஒருத்தன ஒருத்தன் பாக்கமாட்டானுக. எனக்கு இருக்கிறது ஒரு தம்பி. ஒரு புருசன்.”

“யாராவது ஒருத்தர்கிட்டச் சொல்லிச் சத்தத்தைக் குறைக்கச் சொல்லலாமே?”

“கொறைச்சவன் தோத்தவன்னு வச்சிருக்கானுகளே. கொறைச்சது அவனுக்கே தெரியாமக் கொறைக்கணும்.”

அப்புறம் நடந்ததை நினைத்தால் எனக்கு இப்போதும் கொஞ்சம் வயிறு எரியும். என் பாட்டிலிருந்து கிக்கை எடுத்துவிட்டார். நான் அறுபது வகை ‘தும்’ கேட்டுப் பொறுக்கிய தும். போட்டால் மேசையில் தண்ணீர் நடுங்கும்.

“அடி அவங்களுக்கு” என்றார்.

“நம்மளோட அடியையா?”

“கீழ முழங்குற சத்தமெல்லாம் மார்க்கெட்டுக்கு. மேல சலசலக்குற சத்தமெல்லாம் ஜீப்புக்கு. ரெண்டும் ஒரே வேகம், பாடுறவங்க கொரலும் மாறி மாறித்தான் வரும். அவங்க தும்முக்கும் தும்முக்கும் நடுவுல கெடக்குற எடத்துல ஒங்க டப்பும் ட்சிக்கும் வந்து உக்காரும். அவங்க பாட்டுல இருக்கிற டப்பு, ட்சிக்கு எல்லாத்தையும் நான் புடுங்கிட்டேன். அவங்களும் இழந்துதானே இருக்காங்க.”

“உங்க தம்பி கேட்டா உடனே கண்டுபிடிச்சிருவாரு. வயித்துல இறங்கணும்னாரு.”

“ரெண்டு பேருக்கும் ரெண்டு ரெண்டு பாட்டு. மொதப் பாட்டு வீதியில போறப்ப. அதுல அவங்கவங்க அடி அவங்கவங்களுக்கு முழுசா இருக்கும். ரெண்டாவது பாட்டு மணிக்கு அப்பறம், அதே பாட்டுதான், ஆனா நான் பிரிச்சு வச்சது. போட்டுக் காட்டுறப்ப மொதப் பாட்டத்தான் கேப்பானுக. எவனும் ரெண்டாவது பாட்டு வரைக்கும் பொறுமையா ஒக்காரமாட்டான். நானே ஒக்காரமாட்டேன்.”

சோதித்துப் பார்க்க, வீட்டுக்கு மேலே போகும் பாதையின் ஒரு முனையில் ஒரு ஸ்பீக்கரும் மறுமுனையில் இன்னொன்றும் வைத்தார். நடுவில், தூறலில், குடையோடு நான். ஏற்பாட்டில் என் பங்கு இவ்வளவுதான்.

“ரெண்டும் கேக்குதா?”

“கேக்குது.”

“தனித்தனியாக் கேக்குதா, ஒண்ணாக் கேக்குதா?”

“ஒண்ணா.”

“அப்பச் சரி. குடைய மடக்கிட்டு வாங்க. குடையில விழுற தூறல் ட்சிக்குல கலக்குது, அதையும் பாக்கணும்.”

அவர் சொன்னபடியே தம்பிக்காரர் சாலையில் நின்று, ஜீப்பில் முதல் பாட்டை வைத்துக் கேட்டார். பாதிகூட ஆகவில்லை, இருக்கையில் எழும்பி எழும்பி விழுந்தார். “சார், எறங்குது சார் வயித்துல!” கணவருக்கும் அப்படியே இறங்கியதாம். இரண்டு செட்டு ஆபரேட்டர்களையும் அம்மாள் தனித்தனியே கூப்பிட்டு ஒரே ரகசியத்தைச் சொல்லியிருந்தார்: “மணி நின்ன அந்த நிமிசம் ரெண்டாவது பாட்ட அமுக்கிரு. முந்துனவன் ஜெயிச்சான். யார்ட்டயும் சொல்லாத.”

“ஒரு நூல் முன்னப் பின்ன ஆயிட்டா?” என்று கேட்டேன்.

“ஒரு நூலுன்னா தாளத்துக்கு அழகு. ரெண்டு நூலுன்னா” என்று குல்லாயைச் சரிசெய்துகொண்டார், “என் தம்பிக்கு இன்னொரு தையல்.”

திருவிழாவன்று காலையில் நல்ல வெயில். உச்சிப்பொழுதில் சப்பரம் முச்சந்திக்கு வந்தபோது பள்ளத்திலிருந்து மூடுபனி ஏறி, எதிரெதிரே நின்ற இரண்டு வண்டிகளுக்கும் நடுவில் புகுந்துகொண்டது. வண்டி நிறைய ஆளுயரப் பெட்டிகள், பின்னால் ஜெனரேட்டர்கள். ஒரு வண்டியின் முன்னால் புருவத் தழும்போடு தம்பி. எதிர் வண்டியின் முன்னால் கணவர். இவர்கள் பக்கம் ஆடுகிறவர்கள், அவர்கள் பக்கம் ஆடுகிறவர்கள். ஆடுகிற மூஞ்சியாக ஒன்றும் தெரியவில்லை. இன்ஸ்பெக்டர் டீக்கடை ஓரம் கிளாஸோடு நின்றார். டீக்கடை அம்மா, போன வருட அனுபவத்தில், கண்ணாடி பாட்டில்களையெல்லாம் இறக்கித் தரையில் வைத்துக்கொண்டிருந்தார்.

நம் அம்மாள் டீக்கடைத் தாழ்வாரத்தில் நின்றார். வண்டிகளைப் பார்க்கவில்லை. பெஞ்சின் மேல் இருந்த ஒரு தண்ணீர் டம்ளரையே பார்த்துக்கொண்டிருந்தார். ஸ்வெட்டரின் கைநுனியைப் பிடித்து முறுக்கியிருந்ததை நான் பார்த்தேன். அவரை அப்படி நான் அதற்கு முன் பார்த்ததில்லை.

கற்பூரம். மணி. குலவை. மணி நின்றது.

இரண்டு பேரும் ஒருசேர அமுக்கியிருக்கிறார்கள். போட்டிக்கு நன்றி, ஒற்றுமையாக அமுக்கச் சொல்லியிருந்தால் நிச்சயம் முன்னே பின்னே போயிருக்கும். பனிக்கு அந்தப் பக்கத்திலிருந்து ‘தும்’ என்று வந்தது. அது விட்ட இடத்தில் இந்தப் பக்கத்திலிருந்து ‘ட்சிக் டப்’ வந்து அமர்ந்தது. மறுபடி தும். டம்ளரில் தண்ணீர் ஒரு வளையம் போட்டு அடங்கியது. கைகளை மடக்கிக்கொண்டு முன்னேறி வந்த இரண்டு கூட்டத்துக்கும் கால்கள் தகராறு செய்தன. ஒரே தாளத்தில் ஆடிக்கொண்டே போய் ஒருவனை அடிப்பது கஷ்டம் போலிருக்கிறது.

ஆபரேட்டர்கள் சத்தத்தை ஏற்றினார்கள். இவர் ஏற்ற, அவரும் ஏற்ற, பாட்டு இன்னும் கெட்டியாகப் பொருந்தியது.

“ஏலே, அவனுக செட்டு கேக்குதா?” என்று தம்பி பக்கத்தில் நின்றவனிடம் கத்தினார்.

“கேக்கலண்ணே! நம்மதுதான் கேக்குது!”

“அந்தத் தும்மு நம்மதுடா!” என்றார், நெஞ்சில் குத்திக் காட்டி. எனக்கு உண்மையைச் சொல்லிவிட வாய் நமநமத்தது. எதிரே பனி விலகியபோது, கணவர் கூட்டத்தைப் பார்த்து இரண்டு கைகளையும் தூக்கி, வென்றவர் நிற்பது போல நின்றுகொண்டிருந்தார். இன்ஸ்பெக்டர் டீயைக் குடித்து முடித்துவிட்டு ஜீப்பில் ஏறிப் போனார். திரும்பிப் பார்த்தேன். பெஞ்சில் டம்ளர் மட்டும் இருந்தது, அம்மாள் இல்லை.

மறுநாள் வெள்ளனே, திருப்பித் தர ஏதோ ஒரு ஒயர் இருக்கிறது என்ற சாக்கில் அவர் வீட்டுக்குப் போனேன். உண்மையில், யாராவது என்னைப் பாராட்டுவார்களா என்று பார்க்கத்தான். கணவர் முற்றத்தில் பல் விளக்கிக்கொண்டிருந்தார். மேலே சாலையில் ஜீப் வந்து நின்றது. ஹாரன் வரும் என்று மூவரும் காத்திருந்தோம். ஹாரன் வரவில்லை. இஞ்சின் அணைந்தது.

அந்த நிசப்தத்தில் காப்பிச் செடிகளிலிருந்து பனி சொட்டுவது கேட்டது. அம்மாள் கையிலிருந்த பாத்திரத்தைச் சத்தமில்லாமல் கீழே வைத்தார்.

தம்பிக்காரர் படியில் இறங்கி வந்தார். வாசலில் ஒரு கணம் தயங்கி, உள்ளே கால் வைத்தார். “மச்சான், நேத்து ஒங்க செட்டுக்கு என்னாச்சு? கரண்டு இல்லையா? ஒண்ணுமே கேக்கல!”

கணவர் வாயிலிருந்த நுரையைத் துப்பினார். “மாப்ள, ஒனக்குத் தையல் போட்டப்ப காதையும் சேத்துத் தச்சுட்டாங்களா? கேட்டது பூராம் எங்க செட்டுதான்.”

“அந்தத் தும்மு யாருது?”

“எங்களுது!”

“ஏக்கா, நீ சொல்லு, யாருது?”

“ஒருத்தர் ஒருத்தராப் பேசுங்க” என்றார் அம்மாள். “மொத அவன் பேசட்டும், அப்பறம் நீங்க.” இருவருக்கும் நடுவே கொஞ்சம் இடம் விட்டு இரண்டு ஸ்டூல்களைப் போட்டார், டீ வைத்தார். அவர்கள் அதே சண்டையை உட்கார்ந்து தொடர்ந்தார்கள். தம்பி இட்லி சாப்பிட்டுவிட்டுத்தான் போனார் என்று பிறகு கேள்விப்பட்டேன். நான் பார்த்தவரை, அம்மாள் அங்கே நிற்கவில்லை. கொட்டகைக்குப் போய்விட்டிருந்தார். உள்ளேயிருந்து மெல்லிசாக, யாருடைய பாட்டிலிருந்தோ ஒரு ‘டப்’ மட்டும் திரும்பத் திரும்ப வந்துகொண்டிருந்தது.

இரண்டு வருடம் கழித்து, கணவரின் பங்கு நிலத்தைப் பார்க்க அவர்கள் கன்னிவாடிக்கு இறங்கிவிட்டார்கள். கொட்டகையில் இப்போது மறுபடி காளான். வாங்கினேன், சுமார்தான்.

ஆனால் திருவிழாவுக்கு மறுநாளான அன்றைக்கு, அவர் வீட்டிலிருந்து நேராக முச்சந்திக்கு வந்தேன். ரகசியத்தைச் சொல்லக்கூடாது. ஆனால் கேட்கக்கூடாது என்று யாரும் சொல்லவில்லையே. டீக்கடை அம்மா பாட்டில்களைத் துடைத்து மறுபடி அலமாரியில் ஏற்றிக்கொண்டிருந்தார்.

“நேத்து மணிக்கு அப்புறம் போட்ட பாட்டு எப்படிங்க இருந்துச்சு?” என்றேன், பொதுவாக.

“பாட்டு கெடக்கட்டும் சார்” என்றார் அவர், பாட்டிலிலிருந்து கண்ணை எடுக்காமல். “ஒரே பாட்டப் போடுறதுக்கு எதுக்கு ரெண்டு செட்டு? ஒண்ண நிறுத்தியிருந்தா டீசலாச்சும் மிஞ்சியிருக்கும்ல?”